தண்ணீர் ஊற்றியது நான்தான்

அக்கா,

இன்று காலை நாங்கள் குடியிருக்கும் வீட்டின் சொந்தக்காரம்மா, வெந்நீர் அடுப்பில் விறகுக்குப் பதிலாக நிலக்கடலைத் தோலைப் போட்டு எரித்தார். மழையில் விறகெல்லாம் நனைந்துவிட்டதாம். ஆலங்குடியிலிருந்து யாரோ ஒரு சாக்குத் தோல் கொண்டுவந்து கொடுத்திருக்கிறார்கள். நான் பல் விளக்கிக்கொண்டிருந்தேன். அந்தப் புகை கொல்லையைச் சுற்றிக்கொண்டு வந்து மூக்கில் ஏறியதும் கையிலிருந்த செம்பைக் கீழே வைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டேன்.

"என்ன டீச்சர், தலை சுத்துதா?" என்று கேட்டார்.

புகை கண்ணில் பட்டுவிட்டது என்றேன்.

உங்கள் தலைமுடியில் வருஷம் முழுக்க இருந்த வாசனை அது. எவ்வளவு அரப்புப் போட்டுத் தேய்த்தாலும் போகாது. கடலை மண்டியில் பருப்புப் பொறுக்கிவிட்டு வரும்போது மடியில் கொஞ்சம் தோலையும் கட்டிக்கொண்டு வருவீர்கள், அடுப்புக்கு. அதுதான் நம் இருவருக்கும் விறகு.

ஆலங்குடியில் நாம் இருந்தது ஒரே ஓட்டு வீடு. நடுவில் ஒரு மூங்கில் தட்டி. இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் நீங்கள். பயிற்சி முடித்து முதல் வேலைக்கு வந்தவள் நான், ஊரில் ஒருவரையும் தெரியாது. நீங்களோ கல்யாணமான மறுவருஷமே புருஷனைக் காய்ச்சலில் பறிகொடுத்துவிட்டு, யார் வீட்டுக்கும் பாரமாகப் போகமாட்டேன் என்று தனியாக இருந்தீர்கள். உங்களுக்கு முப்பது இருக்கும், எனக்கு இருபத்தொன்று. நான் முதல் நாள் சோற்றைக் குழைய விட்டு விழித்துக்கொண்டிருந்தபோது தட்டிக்கு அப்பாலிருந்து உங்கள் குரல் வந்தது.

"டீச்சரு, சமைக்கத் தெரியலைன்னா சொல்லு. வெக்கப்படாத."

அன்றிலிருந்து நமக்கு ஒரே அடுப்பு.

அந்தத் தை மாதம் கடலை வரத்து அதிகம். பொழுது சாய்ந்த பிறகும் மண்டியில் வேலை இருந்தது. விளக்கேற்றும் நேரத்துக்கு நீங்கள் வந்து வாசலில் நின்றீர்கள். உள்ளே வரவில்லை. மடியில் தோல் இல்லை. "டீச்சரு" என்று ஒரு வார்த்தை வந்தது, அதற்கு மேல் வரவில்லை. நான் கையைப் பிடித்து உள்ளே இழுத்து உட்கார வைத்தேன். பற்கள் அடித்துக்கொண்டன. மண்டி முதலாளியின் தம்பி தரையைக் கூட்டிப் பெருக்கிவிட்டுப் போகச் சொல்லி உங்களை மட்டும் நிறுத்திவைத்தான் என்றீர்கள். "கதவச் சாத்திட்டான்" என்றீர்கள். அவ்வளவுதான் சொன்னீர்கள். எனக்கு அது போதுமாயிருந்தது.

நான் என்ன செய்தேன்? மூலையில் முதல்நாள் தோல் கிடந்தது. அதை அள்ளி அடுப்பில் போட்டு வெந்நீர் வைத்தேன். கொல்லையில் உட்கார வைத்துத் தலையோடு ஊற்றினேன். முதுகைத் தேய்த்துவிட்டேன். "இன்னும் ஊத்து" என்றீர்கள். ஊற்றினேன். "இன்னும்." பானை காலியானதும் பச்சைத் தண்ணீரையே ஊற்றினேன். பிறகு உங்கள் சேலையைச் சவர்க்காரம் போட்டுத் துவைத்துக் கொடியில் போட்டேன். கிழிந்துபோன ரவிக்கையை அடுப்பில் போட்டேன். இனி ஒருநாளும் அது உங்கள் கண்ணில் படக்கூடாது என்று நினைத்தேன். அந்த நேரத்தில் எனக்குத் தெரிந்த அன்பு அதுதான்.

மறுநாள் நீங்கள் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தே கிடந்தீர்கள். நான் கஞ்சி வைத்து மூடிவிட்டுப் பள்ளிக்கூடம் போனேன். பிள்ளைகளுக்குப் பெருக்கல் வாய்ப்பாடு சொல்லிக்கொடுத்தேன். ஒருவரிடமும் ஒன்றும் சொல்லவில்லை. அன்று மாலை நீங்கள் சுவரைப் பார்த்தபடியே கேட்டீர்கள்.

"போலீசுக்குப் போவமா?"

"கொஞ்சம் யோசிச்சுச் செய்வோம்க்கா" என்றேன்.

யோசித்தது உங்கள் பெயரைப் பற்றி என்றுதான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். என் பெயரைப் பற்றியும்தான் யோசித்தேன். கல்யாணமாகாத டீச்சர், இந்த மாதிரி வழக்கில் சாட்சி என்று ஊர் பேசினால் என்ன ஆகும் என்று. அதை உங்களிடம் நான் சொல்லவில்லை. உங்களுக்குத் தெரிந்திருக்கும்.

மூன்றாம் நாள் காலையில் நீங்களாக எழுந்தீர்கள். தலையை அள்ளி முடிந்துகொண்டீர்கள். மண்டியில் உங்கள் இடத்தில் வேறொருத்தியைச் சேர்த்துவிட்டார்கள், கல்யாணமாகி அப்போதுதான் ஊருக்கு வந்த பெண் என்று பக்கத்து வீட்டுக்காரி வந்து சொல்லிவிட்டுப் போயிருந்தாள்.

"நாளைக்கு அவளையும் நிறுத்திவைப்பான்ல. நான் போலீசுக்குப் போறேன். நீ வாரியா?" என்றீர்கள்.

வந்தேன். அது ஒன்றுதான் அந்த மூன்று நாளில் நான் ஒழுங்காகச் செய்தது.

ஸ்டேஷனில் இருந்த ஏட்டு நல்ல மனுஷர். எழுதிக்கொண்டே வந்தவர் பேனாவை நிறுத்திவிட்டு நம்மைப் பார்த்தார். "மூணு நாளு ஏம்மா வரலை? காச்சல்னு போட்டுக்கிறவா? இல்லைன்னா கேசு நிக்காதும்மா" என்றார்.

"காச்சல் இல்லையேய்யா" என்றீர்கள்.

"அட, ஒரு பேச்சுக்கு."

"இல்லாதத ஒண்ணு சொல்லப் போயி, இருக்கிறத நம்பாமப் போயிருவாக. வேணாம்."

அவர் சொன்னதைச் சொன்னபடியே எழுதினார். பிறகு பஸ்ஸில் ஒரு போலீஸ்காரரோடு நம்மைப் புதுக்கோட்டை ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார். அங்கே டாக்டரம்மா கடிந்து ஒரு சொல் பேசவில்லை. பார்த்தார். உடம்பில் காயமோ வேறு அடையாளமோ இல்லை என்று பார்த்ததை எழுதினார். வேறு எதை எழுதுவார்? நான்தான் எல்லாவற்றையும் தேய்த்துக் கழுவியிருந்தேனே.

உங்களுக்கு நடந்ததற்குக் கோர்ட்டில் ஒரு பெயர் வைத்திருந்தார்கள், கற்பழிப்பு என்று. கூப்பிடும்போதெல்லாம் அந்த வார்த்தை வந்தது. "அழிஞ்சு போச்சுன்னு இவுகளா எப்படிச் சொல்றாக?" என்று என் காதில் கேட்டீர்கள். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது.

முதலில் புதுக்கோட்டையில் மாஜிஸ்திரேட் முன்னால், அப்புறம் திருச்சியில் செஷன்ஸ் கோர்ட்டில், ஒரே விஷயத்தை இரண்டு இடத்தில் சொல்ல வைத்தார்கள். திருச்சியில் எதிர்த்தரப்பு வக்கீல் உங்களிடம், "ஏன் சத்தம் போடவில்லை?" என்று கேட்டார். நீங்கள் வாயைத் திறந்தீர்கள். சத்தம் வரவில்லை. கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றீர்கள். நானும் பார்த்தேன், ஜட்ஜும் பார்த்தார். எழுதுவதை நிறுத்திவிட்டு உங்கள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். வெகுநேரம் கழித்து, "அன்னைக்கும் இப்படித்தாங்க, வாய் வரலை" என்றீர்கள். அந்த ஜட்ஜ் உங்களை நம்பியது அந்த நொடியில்தான் என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

அடுத்து என்னைக் கூப்பிட்டார்கள்.

"குளிக்கச் சொன்னது யார்?"

"நான்தாங்க. சொல்லலை, நானே தண்ணி ஊத்தினேன்."

"சேலையைத் துவைத்தது?"

"நான்தான்."

"ரவிக்கையை எரித்தது?"

"நான்தான்."

"நீங்கள் படித்தவர். அதெல்லாம் சாட்சியம் என்று உங்களுக்குத் தெரியாதா?"

"அவங்க நடுங்கிட்டிருந்தாங்க. எனக்கு வேற எதுவும் தோணலைங்க."

வக்கீல் அத்தோடு உட்கார்ந்துவிட்டார். என்னைத் திணறடிக்க முடியவில்லை என்று நான் மனசுக்குள் கொஞ்சம் பெருமைப்பட்டேன். அவருக்கு வேண்டியது கிடைத்துவிட்டதால் உட்கார்ந்தார் என்பது எனக்குப் புரியவில்லை.

செஷன்ஸ் ஜட்ஜ் அவனுக்குத் தண்டனை கொடுத்தார். சாட்சி சொன்ன விதமே உண்மையைக் காட்டுகிறது, ஆசிரியை எதையும் மறைக்காமல் சொன்னார் என்று தீர்ப்பில் எழுதியிருந்தார். நாம் ஸ்ரீரங்கம் போய்க் காவிரியில் கால் நனைத்துவிட்டு ஊர் திரும்பினோம். பஸ்ஸில் நீங்கள் என் தோளில் சாய்ந்து தூங்கினீர்கள். தையிலிருந்து உங்களுக்கு அதுதான் முதல் தூக்கம்.

மெட்ராஸ் ஹைகோர்ட்டில் அவன் அப்பீல் போட்டிருக்கிறான் என்று ஏட்டுதான் வந்து சொன்னார். "சமஸ்தானமா இருந்தப்ப மேல் கோர்ட்டும் புதுக்கோட்டையிலயே இருந்துச்சு. இப்ப மெட்ராசுலல்ல பாக்கணும்" என்றார். திருச்சி சர்க்கார் வக்கீலிடம் கேட்டோம். நீங்கள் போக வேண்டிய அவசியமில்லை, அங்கே சாட்சியை மறுபடி விசாரிக்கமாட்டார்கள், இங்கே எழுதியதைப் படித்துத்தான் முடிவு செய்வார்கள் என்றார்.

"என்னையப் பாக்காம எப்படிய்யா தெரியும், நான் சொன்னது நெசமா இல்லையான்னு?"

"பார்த்த ஜட்ஜ் நம்பினேன்னு எழுதியிருக்காரே, அதுக்கு அங்கே மதிப்பு உண்டும்மா."

உங்களுக்கு அது போதவில்லை. "நான் போயி அங்கிட்டு நின்னேன்னா, யாரு இதுன்னு ஒருத்தராச்சும் கேப்பாகள்ல" என்றீர்கள். அதனால் நாம் போனோம். புதுக்கோட்டை ஸ்டேஷனில் ரயில் ஏறி, விடிந்து மெட்ராசில் இறங்கி, வழி கேட்டுக் கேட்டு அந்தச் சிவப்புக் கட்டடத்துக்குப் போய்ச் சேர்ந்தோம். வாசலில் இருந்த டவாலி சேவகர் நம்மை விசாரித்துவிட்டு, "உங்களுக்கு இங்கே வேலை ஒண்ணும் இல்லையேம்மா" என்றார். சும்மா உட்கார்ந்து பார்க்கிறோம் என்று கெஞ்சிக் கேட்டுக் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தோம். ஒருவரும் திரும்பிப் பார்த்து யார் இது என்று கேட்கவில்லை.

அந்த நீதிபதியை நான் குறை சொல்லமாட்டேன் அக்கா. பொறுமையாகப் படித்தார். இரண்டு தரப்பு வக்கீலையும் பேசவிட்டார். மத்தியானத்துக்கு மேல் இங்கிலீஷில் தீர்ப்பைச் சொல்லச் சொல்ல ஒருவர் கீழே உட்கார்ந்து எழுதினார். என் இங்கிலீஷ் பள்ளிக்கூட இங்கிலீஷ்தான். ஆனாலும் எனக்கு வேண்டிய அளவுக்கு மேலேயே புரிந்தது.

முதலில் உங்களைப் பற்றி நல்லதாகத்தான் ஆரம்பித்தார். சாட்சியை நேரில் பார்த்த நீதிபதி நம்பியிருக்கிறார், அதை லேசாகத் தள்ளிவிட முடியாது என்றார். ஒரு பெண்ணின் சொல்லை மட்டும் வைத்துத் தண்டிக்கச் சட்டத்தில் தடை இல்லை, ஆனால் அதைத் தாங்கி நிற்க வேறு ஏதாவது இருக்கிறதா என்று பார்ப்பதுதான் விவேகம் என்றார். நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். தாங்கி நிற்க நான் இருக்கிறேனே, நீங்கள் முதலில் வந்து சொன்னது என்னிடம்தானே என்று.

பிறகு ஒவ்வொன்றாக எடுத்தார். காயம் இல்லை. கூச்சல் கேட்டதாக யாரும் சொல்லவில்லை. புகார் மூன்றாம் நாள். பெண் குளிப்பாட்டப்பட்டிருக்கிறாள். சேலை துவைக்கப்பட்டிருக்கிறது. ரவிக்கை எரிக்கப்பட்டிருக்கிறது. இதைச் செய்தவர் விவரம் தெரியாத பெண் அல்ல, பள்ளிக்கூட டீச்சர். இவ்வளவு பெரிய குற்றத்தைக் கேள்விப்பட்ட ஒரு டீச்சர் மறுநாள் வழக்கம்போல் வகுப்புக்குப் போயிருக்கிறார், யாரிடமும் சொல்லவில்லை. இது இயல்பான நடத்தையாகத் தெரியவில்லை. அன்று மாலை அப்படி ஒன்று சொல்லப்பட்டதா என்பதே சந்தேகமாகிறது. டீச்சரின் சாட்சியம் பெண்ணின் சொல்லுக்குப் பலம் சேர்க்கவில்லை என்றார்.

திருச்சி கோர்ட்டில் நீங்கள் வாய் வராமல் நின்ற நேரம் அவர் கையிலிருந்த காகிதத்தில் இல்லை. கேள்வி இருந்தது, அடுத்த வரியில் பதில் இருந்தது. நடுவில் நீங்கள் நின்ற நிற்பை எந்தக் குமாஸ்தாவால் எழுதியிருக்க முடியும்? நான் துவைத்ததும் எரித்ததும் மட்டும் வரிக்கு வரி இருந்தது.

நீங்கள் என் முழங்கையை இடித்தீர்கள். "என்ன சொல்றாரு?"

"காயம் இல்லைங்கறாரு. புகார் லேட்டுங்கறாரு."

"அப்புறம்?"

"அவ்வளவுதான்க்கா."

அவனை விடுதலை செய்தார்கள். அன்று சாயங்காலம் எழும்பூர் ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். வாங்கி வந்த இட்லிப் பொட்டலத்தை நீங்கள் பிரிக்கவே இல்லை.

"நான் சொன்னது பொய்யிங்கிறாரா?"

"இல்லக்கா. அப்படிச் சொல்லலை."

"அப்ப நெசம்ங்கிறாரா?"

"அதுவும் சொல்லலை. சந்தேகம் இருக்குன்னாரு. சந்தேகம் இருந்தா அதோட பலன் எதிராளிக்குத்தான் போகுமாம்."

"என் மேல சந்தேகம். பலன் அவனுக்கா?"

பொட்டலத்தை என் பக்கம் நகர்த்திவிட்டு நீங்கள் கேட்டீர்கள்.

"தண்ணியப் பத்திப் பேசுனாருல்ல?"

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"டீச்சரு, டீச்சருன்னு ரெண்டு மூணு தடவ காதுல விழுந்துச்சு. நீ தலையத் தொங்கப் போட்ட. எனக்கு அது போதாதா?"

நான் அழுதேன். அதைச் செய்யாமல் இருந்திருந்தால் இவன் இன்றைக்கு உள்ளே இருப்பான், எல்லாம் என்னால்தான் என்று சொல்லிச் சொல்லி அழுதேன். நீங்கள் அழவில்லை. என் கண்ணைத் துடைத்துவிட்டு, "இந்தா, இங்கிட்டுத் திரும்பு" என்றீர்கள். "அன்னைக்கு நீ தண்ணி ஊத்தலைன்னா நான் கெணத்துல போயி விழுந்திருப்பேன். அந்த நெனப்போடதான் வந்தேன். நீ ஊத்த ஊத்த அந்த நெனப்புப் போச்சு. இத எந்தக் கோர்ட்டுல போயிச் சொல்றது?"

அந்த வார்த்தையை எத்தனையோ தடவை எடுத்துப் பார்த்திருக்கிறேன். ஆறுதலுக்காகத்தான் சொன்னீர்கள். ஆனால் ஆறவில்லை. அவனுக்கு ஆலங்குடியில் மாலை போட்டு வெடி வெடித்து வரவேற்றார்கள். நீங்கள் வாசலைச் சாத்தாமல் உட்கார்ந்து அந்தச் சத்தத்தைக் கேட்டீர்கள். என்னால் கேட்க முடியவில்லை. அந்தக் கோடை விடுமுறையில் புதுக்கோட்டைக்கு மாற்றல் கேட்டு எழுதிப்போட்டேன். கிடைத்தது. மூட்டை கட்டும்போது நீங்கள்தான் கூட இருந்து சாமான்களை அடுக்கிக் கொடுத்தீர்கள். "போறவ சந்தோசமாப் போ" என்றீர்கள். உங்களை அந்த ஊரில் அந்த மண்டிக்குப் பக்கத்தில் விட்டுவிட்டு நான் பஸ் ஏறினேன்.

பிறகு நீங்களும் கறம்பக்குடிக்குப் போய்விட்டீர்கள், சித்தப்பா மகன் வீட்டுக்குப் பக்கத்தில். சந்தையில் பணியாரம் சுட்டு விற்றீர்கள். எனக்குக் கல்யாணம் ஆயிற்று, ஒரு பையன் பிறந்தான். வருஷத்துக்கு ஒருமுறை பார்த்தால் அதிகம். வருகிறேன் என்று சொல்லிவிட்டு வராமல் இருந்ததுதான் நிறைய. நேரமில்லை என்பது பொய். உங்கள் முகத்தைப் பார்த்தால் அந்தக் கோர்ட்டில் என்னைப் பற்றிச் சொன்னதெல்லாம் காதில் கேட்கும்.

போன பங்குனியில் நீங்கள் வந்தீர்கள். பையில் தேங்காயும், என் பையனுக்குப் பணியாரமும். முகம் மஞ்சள் பூத்திருந்தது. நான் கவனித்தேன், ஆனால் கேட்கவில்லை. மத்தியானம் சாப்பிட்டுவிட்டுச் சுவரில் சாய்ந்துகொண்டு நீங்கள் கறம்பக்குடியில் ஒரு பெண்ணின் கதையைச் சொன்னீர்கள். அவள் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. உங்கள் வீட்டுக்கு நாலு வீடு தள்ளி இருப்பவள், இருபது வயது, கல்யாணம் பேசி வைத்திருந்த பெண். ரோடு போட வந்த மேஸ்திரி ஒருவன். ஒரு மத்தியானம் அவள் தலைவிரிகோலமாக வீட்டுக்கு ஓடி வந்திருக்கிறாள்.

"அவ ஆத்தா தவலையத் தூக்கிக்கிட்டு வந்துட்டா, குளிப்பாட்ட. அக்கம் பக்கத்துப் பொம்பளைக எல்லாம் குடத்தோட வந்துட்டாக. நான் வாசல மறிச்சுக்கிட்டு நின்னேன். ஒரு சொட்டுத் தண்ணி இவ மேல படக்கூடாதுன்னேன். வெறி புடிச்சவளுன்னாக என்னைய. அந்தப் புள்ள என் காலப் புடிச்சுக்கிட்டு அழுதுச்சு, 'அத்தை, குளிக்கணும், குளிக்கணும்'னு. நான் விடலை. கட்டுன சேலையோட, கையில மண்ணோட, அப்படியே வண்டியில ஏத்தி ஸ்டேஷனுக்கு. அங்கேருந்து ஆஸ்பத்திரிக்கு. டாக்டரம்மா பாத்து முடிக்கிற மட்டும் மூஞ்சி கழுவக்கூட விடலை."

உங்கள் கை சேலை முந்தானையை முறுக்கிக்கொண்டே இருந்தது.

உங்கள் வழக்கில் இல்லாதது எல்லாம் அந்த வழக்கில் இருந்தது. நகக்கீறலை டாக்டர் எழுதினார். சேலை மெட்ராசுக்குப் பரிசோதனைக்குப் போய் வந்தது. புகார் அன்றைக்கே. கீழ்க்கோர்ட்டில் தண்டனை, அப்பீலிலும் அது நின்றுவிட்டது. மேல் கோர்ட்டு நீதிபதி ஒரு இடத்தில்கூடச் சந்தேகப்பட வழியில்லாமல் போயிருக்கிறது.

"ஜெயிச்சுட்டீங்கக்கா" என்றேன்.

"கேசு நின்னுச்சு. அந்தப் புள்ள என்னையக் கண்டா மூஞ்சியத் திருப்பிக்கிட்டுப் போகுது."

"உங்க கதையை அவகிட்டச் சொல்லலையா?"

"எப்படிச் சொல்றது? எங்கதையச் சொன்னா, சொல்லிக் குடுத்துக் கூட்டியாந்தியான்னு வக்கீலு கேப்பான்ல. அதான் கேசு முடியிற மட்டும் அவகிட்ட வாயே தொறக்கலை. அப்பீலு முடிஞ்சு போயிப் பேசலாம்னு பாத்தா, அவ என்னைய வாசப்படி ஏறவிட மாட்டேங்கிறா." பிறகு என் கையைத் தொட்டீர்கள். "நீ ஒருக்கா வந்து அவகிட்டச் சொல்லேன். ஒனக்குக் கோர்வையாச் சொல்ல வரும். நான் ஏன் அன்னைக்கு அப்படி நின்னேன்னு அவளுக்குத் தெரியணும். அவ்வளவுதான் எனக்கு வேணும்."

"பரீட்சை முடியட்டும்க்கா, வந்துடறேன்" என்றேன்.

பரீட்சை முடிந்தது. பையனுக்கு மணல்வாரி அம்மை போட்டது. பிறகு மாமனார் வீட்டில் ஒரு விசேஷம். பிறகு பள்ளிக்கூடம் திறந்துவிட்டது. ஒவ்வொரு ஞாயிறும் அடுத்த ஞாயிறு என்று தள்ளிப் போட்டேன். உண்மையைச் சொல்கிறேன், போகப் பயமாக இருந்தது. அந்தப் பெண் முன்னால் உட்கார்ந்து, தண்ணீர் ஊற்றியது நான்தான், அதனால்தான் உனக்குத் தண்ணீர் கிடைக்கவில்லை என்று நான் சொல்ல வேண்டும். கோர்ட்டில் வக்கீல் கேட்டபோது தயங்காமல் சொன்னவளுக்கு அவளிடம் சொல்லத் துணிச்சல் வரவில்லை.

ஆடி பிறந்து சேதி வந்தது. மஞ்சள் காமாலை முற்றிவிட்டதாம். நான் கறம்பக்குடி போய் இறங்கியபோது உங்களை எடுத்துக்கொண்டு போயிருந்தார்கள். வாசலைக் கழுவிவிட்டிருந்தார்கள். அந்தப் பெண் வீட்டுக் கதவு சாத்தியிருந்தது. நானும் தட்டவில்லை. வந்த பஸ்ஸிலேயே திரும்பினேன்.

போன ஞாயிற்றுக்கிழமை அவளே என் வீட்டுக்கு வந்தாள். நீங்கள் படுக்கையில் கிடந்தபோது அவள் அம்மாவிடம், "புதுக்கோட்டை டீச்சரப் போயிப் பாக்கச் சொல்லு" என்று சொல்லியிருக்கிறீர்கள். நான் வரமாட்டேன் என்று உங்களுக்கு அப்போதே தெரிந்துவிட்டது, இல்லையா?

உட்காரச் சொன்னேன், உட்கார்ந்தாள். காப்பி கொடுத்தேன், குடிக்கவில்லை.

"அவுக என்னைய ஏன் குளிக்க விடலை டீச்சர்? எல்லாரும் கேசு ஜெயிச்சுச்சுங்கிறாக. எனக்குக் கோர்ட்டெல்லாம் நெனப்புலயே இல்லை. அவுக வாசல மறிச்சுக்கிட்டு நின்னதுதான் நிக்கிது."

நான் சொன்னேன். மண்டி, கொல்லை, சேலை, திருச்சி, மெட்ராஸ், எல்லாம். கோர்வையாகத்தான் சொன்னேன், நீங்கள் சொன்னபடி. அவள் தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டாள். உங்களுக்கு அப்படி நடந்தது என்பதே அவளுக்குத் தெரியாது. கறம்பக்குடியில் உங்கள் சித்தப்பா மகனைத் தவிர ஒருவருக்கும் தெரியாது.

"இத அவுக எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல?"

வக்கீல் கேட்பான் என்று பயந்த கதையைச் சொன்னேன். அவள் எழுந்துவிட்டாள். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்றாள். வாசல்படி வரை போய் நின்றுவிட்டுத் திரும்பாமலேயே கேட்டாள்.

"நான் மூஞ்சியத் திருப்பிக்கிட்டுப் போனது அவுகளுக்கு வருத்தமா இருந்துச்சா?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். வாய் வரை வந்தது. "இருந்துச்சும்மா" என்றேன். "ஆனா கோவம் இல்லை. உனக்கு எல்லாம் தெரியணும்னுதான் தவிச்சாங்க. என்னை வந்து சொல்லச் சொன்னாங்க. பங்குனியிலயே சொன்னாங்க. நான் வரலை."

அவள் திரும்பி என்னைப் பார்த்தாள். திட்டுவாள் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் எனக்கு நல்லதாயிருக்கும். திரும்ப வந்து முன்னால் உட்கார்ந்த இடத்திலேயே உட்கார்ந்தாள்.

"மொதல்ல இருந்து இன்னொருக்கா சொல்லுங்க" என்றாள்.

சொன்னேன். இந்தத் தடவை கோர்வை வரவில்லை. எது முன்னால், எது பின்னால் என்று குழம்பிக் குழம்பிச் சொன்னேன். எழும்பூர் பெஞ்சில் நீங்கள் சொன்னதைச் சொன்னபோது அவள் முழங்காலில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். நான் தொடவில்லை. தொடலாமா கூடாதா என்று எனக்கு இப்போதெல்லாம் தெரிவதில்லை. நாளைக்கே இன்னொருத்தி அப்படி ஓடி வந்து என் வாசலில் நின்றால் குடத்தைத் தூக்குவேனா, வாசலை மறிப்பேனா என்பதும் தெரியவில்லை. நீங்கள் இருந்தால் கேட்டிருப்பேன்.

பஸ் ஸ்டாண்டு வரை கூடப் போனேன். கறம்பக்குடி பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் பிடித்து உட்கார்ந்தாள். என்னை மன்னித்தாளா என்று தெரியாது, நான் கேட்கவும் இல்லை. வண்டி நகர்ந்தபோது என்னைப் பார்த்தாள். தெப்பக்குளத்து வளைவு வரை பார்த்துக்கொண்டே போனாள். முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை.

அந்தப் பார்வை எனக்கு வரவேண்டியது இல்லை அக்கா. உங்களுக்கு வரவேண்டியது. நான் தள்ளிப் போட்ட ஞாயிறுகளால் அது உங்களிடம் வந்து சேரவில்லை. என்னிடம் வந்திருக்கிறது. உங்களுடையது என்றுதான் வைத்திருக்கிறேன்.